குடிமைப் பணித் தேர்வில் வரலாறு: நோட்ஸ் எடுப்பதும் அதை வைத்துப் படிப்பதும்

குடிமைப் பணித் தேர்வுக்குப் படிக்கும் பிள்ளை இருக்கும் வீட்டில் முதலில் கண்ணில் படுவது நோட்ஸ் அடுக்குதான். டெல்லி ஜெராக்ஸ் கடையிலிருந்து வந்த ஸ்பைரல் கட்டுகள், சீனியர் ஒருவர் கொடுத்துவிட்டுப் போன நோட்டுகள், டெலிகிராமில் இறக்கிய பி.டி.எஃப். கோப்புகள், கோச்சிங் சென்டர் கையேடுகள். இவற்றோடு பிள்ளை தன் கையால் எழுதிய நான்கைந்து லாங்சைஸ் நோட்டுகளும் இருக்கும். வாப்பா வெளிநாட்டிலிருந்து அனுப்பிய பணத்தில் ஒரு பகுதி அந்த அடுக்கில்தான் கிடக்கிறது. "எல்லாம் இருக்கு, ரிவிஷன் பண்ணத்தான் நேரம் போதல" என்று பிள்ளை சொன்னால் பெற்றோர் அதைச் சற்றுக் கவனிக்க வேண்டும். நேரம் போதாமல் போவதற்கு அந்த அடுக்கே காரணமாக இருக்கலாம்.

வரலாற்றுப் பாடத்தில் இந்தச் சிக்கல் அதிகம். கணக்குப் போட்டால் விடை வந்ததா இல்லையா என்று உடனே தெரிந்துவிடும். வரலாறு அப்படியில்லை. கதை போல ஓடும், படிக்கும்போது எல்லாம் புரிந்தது போலவே இருக்கும். மூன்றாவது முறை அதே பக்கத்தைப் புரட்டும்போது "இது தெரியுமே" என்று மனம் சொல்லும். பக்கம் பழகிப் போனதற்கும் விஷயம் நினைவில் நிற்பதற்கும் உள்ள வித்தியாசம், தேர்வு மண்டபத்தில் வெள்ளைத்தாள் முன்னால் உட்காரும்போதுதான் தெரிய வரும்.

அதற்குள் ஒரு வருடம் போயிருக்கும். மத்தியத் தேர்வாணையமான யு.பி.எஸ்.சி. பொதுப் பிரிவினருக்கு 32 வயது வரை 6 வாய்ப்புகளும், ஓ.பி.சி. பிரிவினருக்கு 35 வயது வரை 9 வாய்ப்புகளும் தருகிறது. முதல்நிலைத் தேர்வில் ஒரே ஒரு தாளுக்குப் போய் உட்கார்ந்தாலும் ஒரு வாய்ப்பு கழிந்ததாகத்தான் கணக்கு. எண்ணிக்கையில் தாராளமாகத் தெரியும் இந்த வாய்ப்புகள், வேலை, கல்யாணம், குடும்பப் பொறுப்பு என்று வரும்போது பெரும்பாலான வீடுகளில் இரண்டு மூன்றாகச் சுருங்கிவிடும். பெண் பிள்ளைகளுக்கு இன்னும் குறைவு.

தேர்வு எதைக் கேட்கிறது?

நோட்ஸ் எடுப்பதற்கு முன் கேள்வித்தாளின் அமைப்பு தெரிந்திருக்க வேண்டும். முதல்நிலைத் தேர்வின் பொது அறிவுத் தாளில் 2 மணி நேரத்தில் 100 கேள்விகள், 200 மதிப்பெண். தவறான விடைக்கு, அந்தக் கேள்விக்குரிய மதிப்பெண்ணில் மூன்றில் ஒரு பங்கு கழிப்பார்கள். வரலாறும் பண்பாடும் இதில் ஒரு பகுதி. இங்கே அரைகுறை நினைவு ஆபத்து. 'இக்தா' டெல்லி சுல்தான்கள் காலத்துச் சொல்லா, முகலாயர் காலத்துச் சொல்லா என்று தயங்கினாலே மதிப்பெண் போய்விடும்.

முதன்மைத் தேர்வில் பொது அறிவு முதல் தாள் 250 மதிப்பெண். 3 மணி நேரத்தில் 20 கேள்விகள். 150 சொற்களில் பத்து, 250 சொற்களில் பத்து. ஒரு கேள்விக்கு 9 நிமிடம்தான். இந்தத் தாளில் இந்தியப் பண்பாடு, பதினெட்டாம் நூற்றாண்டின் நடுப்பகுதியிலிருந்து நவீன இந்திய வரலாறு, விடுதலைப் போராட்டம், விடுதலைக்குப் பிந்தைய இந்தியா, உலக வரலாறு ஆகியவற்றோடு சமூகமும் புவியியலும் வரும். இந்த அளவு வரலாறு எல்லாருக்கும் பொது.

வரலாற்றையே விருப்பப் பாடமாக எடுத்தவர்களுக்கு மேலும் இரண்டு தாள்கள், தலா 250. எழுத்துத் தேர்வின் மொத்த 1750 மதிப்பெண்ணில் 500 இங்கிருந்து வருகிறது. முதல் தாள் பண்டைய, இடைக்கால இந்தியா. இரண்டாம் தாள் நவீன இந்தியாவும் உலகமும். இந்தத் தாள்களில் தகவல் மட்டும் போதாது. எந்த வரலாற்றாசிரியர் என்ன சொன்னார், அதை மறுத்தவர் யார், சான்று என்ன என்று எழுதத் தெரிய வேண்டும்.

ஆக, ஒரே நோட்ஸ் மூன்று விதமாக உழைக்க வேண்டியிருக்கிறது: கொள்குறிக் கேள்விக்கான துல்லியம், 9 நிமிட விடைக்கான சுருக்கம், விருப்பப் பாடத்துக்கான வாதம். கடையில் வாங்கும் நோட்ஸில் முதலாவது ஓரளவு கிடைக்கும். மற்ற இரண்டும் தானே எழுதிப் பழகினால்தான் வரும்.

51 உறைகள்

விருப்பப் பாடத்தின் பாடத்திட்டத்தை யு.பி.எஸ்.சி.யே எண் போட்டுப் பிரித்துத் தந்திருக்கிறது. முதல் தாளில் 24 தலைப்புகள், இரண்டாம் தாளில் 27. மொத்தம் 51. நோட்ஸுக்கு இதைவிட நல்ல பொருளடக்கம் வேறு தேவையில்லை. 51 உறைகளோ ஃபைல்களோ வாங்கி, ஒவ்வொன்றின் மேலும் பாடத்திட்டத்தில் உள்ள வரியை அப்படியே எழுதி ஒட்டிவிடலாம்.

நோட்டுப் புத்தகத்தைவிட உதிரித்தாளே வசதி. நோட்டில் எழுதினால், ஆறு மாதம் கழித்து வேறு புத்தகத்தில் கிடைக்கும் தகவலைச் சேர்க்க இடம் இருக்காது. கடைசிப் பக்கத்தில் எழுதி அம்புக்குறி போட வேண்டியதுதான். உதிரித்தாள் என்றால் ஒரு தாளைச் செருகலாம், கிழித்துவிட்டு மறுபடி எழுதலாம். கம்ப்யூட்டரில் எடுப்பவர்களுக்கும் இது பொருந்தும். ஆனால் தேர்வை எழுதப் போவது கையால்தான் என்பதால் விடைப் பயிற்சியையாவது பேனாவில் செய்ய வேண்டும்.

ஒரு தலைப்புக்கு ஆறு பக்கம் என்று வைத்துக்கொண்டால் மொத்தமே 306 பக்கம். இதை ஒரு வாரத்தில் திருப்பிப் பார்த்துவிடலாம். 306 பக்கம் 1000 பக்கமாக வளர்ந்துவிட்டால் அதற்குப் பெயர் நோட்ஸ் இல்லை, இன்னொரு பாடப்புத்தகம். அதற்கு ஒரிஜினல் புத்தகத்தையே படித்துவிடலாம்.

முதல் வாசிப்பில் பேனாவைத் தொடக்கூடாது என்பது என் கருத்து. ஒரு அத்தியாயத்தை முதல் தடவை படிக்கும்போது எல்லா வரியும் முக்கியமாகத்தான் தெரியும். அப்போது எழுதினால் புத்தகம் நோட்டுக்கு இடம் மாறும், அவ்வளவுதான். முதலில் கதை புரியட்டும். பிறகு யு.பி.எஸ்.சி. இணையதளத்தில் இலவசமாகக் கிடைக்கும் பழைய கேள்வித்தாள்களில் அந்தத் தலைப்பில் வந்த கேள்விகளை எல்லாம் ஒரு தாளில் எழுதி உறையின் முதல் பக்கமாக வைக்க வேண்டும். இரண்டாவது வாசிப்பு அந்தக் கேள்விகளுக்கு விடை தேடும் வாசிப்பு. அப்போது எழுதுவதுதான் நோட்ஸ்.

உதாரணத்துக்கு, வெல்லெஸ்லியின் துணைப்படைத் திட்டம். புத்தகத்தில் ஐந்தாறு பக்கம் வரும். நோட்ஸில் இவ்வளவு போதும்: கவர்னர் ஜெனரல் பதவிக்காலம் 1798 முதல் 1805 வரை. ஏற்ற அரசுகள் - ஹைதராபாத் 1798, மைசூர் 1799, தஞ்சாவூர் 1799, அவத் 1801, பேஷ்வா 1802 (பஸ்ஸீன் உடன்படிக்கை). நிபந்தனைகள் - கம்பெனிப் படையைத் தன் செலவில் வைத்திருக்க வேண்டும், அரசவையில் ரெசிடென்ட், வேறு ஐரோப்பியரை வேலைக்கு வைக்கக் கூடாது, வெளியுறவு கம்பெனியின் கையில். விளைவு - பிறர் காசில் கம்பெனிக்குப் பெரிய படை, கட்ட முடியாத அரசர் நிலத்தை எழுதிக் கொடுத்தார், கலைக்கப்பட்ட சிப்பாய்கள் வேலையிழந்தார்கள். கடைசியில் ஒரு கேள்வி: 'பாதுகாப்பு' என்ற பெயரில் சுதந்திரத்தை விற்றதாகுமா? விரித்தால் 250 சொல் விடை, சுருக்கினால் கொள்குறிக் கேள்விக்கான நினைவு, இரண்டுக்கும் இந்த ஒரு தாள் போதும்.

பெருமையும் வருத்தமும் நோட்ஸில் வேண்டாம்

நம் வீட்டுப் பிள்ளைகளுக்கு இடைக்கால இந்திய வரலாற்றில் தனி ஆர்வம் இருக்கும். அது நல்லதுதான். ஆனால் அந்த ஆர்வமே நோட்ஸைக் கெடுத்துவிடவும் கூடும். வாட்ஸ்அப்பில் ஒரு பக்கம் சுல்தான்களையும் முகலாயர்களையும் வெறும் கொடுங்கோலர்களாகக் காட்டுகிறார்கள். அதற்குப் பதில் சொல்வதாக இன்னொரு பக்கம் குறையே இல்லாத மன்னர்களாகக் காட்டுகிறார்கள். இரண்டையும் விடைத்தாளில் எழுத முடியாது. திருத்துபவர் எதிர்பார்ப்பது சான்றை.

ஔரங்கசீப்பை எடுத்துக்கொள்வோம். 1564-ல் அக்பர் நீக்கிய ஜிஸ்யா வரியை 1679-ல் அவர் மீண்டும் விதித்தார். இது நோட்ஸில் இருக்க வேண்டும். அதே தாளில் இன்னொரு தகவலும் இருக்க வேண்டும். அலிகர் வரலாற்றாசிரியர் அதர் அலி, ஔரங்கசீப் காலத்து உயர்நிலை மன்சப்தார்களைப் பெயர் பெயராகத் தொகுத்து 1966-ல் வெளியிட்ட ஆய்வில், 1658 முதல் 1678 வரை இந்துக்கள் 21.6 சதவீதமாகவும் 1679 முதல் 1707 வரை 31.6 சதவீதமாகவும் இருந்ததாகக் கணக்கிட்டார். ஜிஸ்யா வந்த பிறகுதான் உயர் பதவிகளில் இந்துக்களின் பங்கு கூடியிருக்கிறது. உடனே 'பார்த்தீர்களா' என்று நிறுத்திவிடக் கூடாது. ஏன் கூடியது என்பதையும் எழுத வேண்டும்: தக்காணப் போரின்போது மராத்தியத் தலைவர்களைத் தன் பக்கம் இழுக்க அவர்களுக்கு மன்சப் அள்ளிக் கொடுக்க வேண்டியிருந்தது. அரசியல் தேவை ஒரு பக்கம், மதக் கொள்கை ஒரு பக்கம். இரண்டையும் ஒரே பத்தியில் வைத்துப் பேசும் விடைதான் மதிப்பெண் வாங்கும்.

இதன் தொடர்ச்சிதான் முகலாயப் பேரரசின் வீழ்ச்சி. விருப்பப் பாடத்தில் தவிர்க்கவே முடியாத தலைப்பு. இதற்கு ஒரே தாளில் ஐந்து வரி போதும். ஜதுநாத் சர்க்கார்: ஔரங்கசீப்பின் மதக் கொள்கைக்கு எழுந்த எதிர்ப்பு. சதீஷ் சந்திரா, 1959: ஜாகிர்தாரி முறையில் ஏற்பட்ட நெருக்கடி. இர்ஃபான் ஹபீப், 1963: தாங்க முடியாத நிலவரி, விவசாயிகளின் கிளர்ச்சி. அதர் அலி, 1966: பிரபுக்கள் பெருகினர், கொடுக்க ஜாகிர் இல்லை. முஸாஃபர் ஆலம், 1986: அவத், பஞ்சாப் போன்ற பகுதிகள் வளர்ந்ததால் மையம் பிடி தளர்ந்தது. இந்த ஐந்து வரியை வைத்துக்கொண்டு எந்தக் கோணத்தில் கேட்டாலும் எழுதலாம். புத்தகங்களை முழுதாகப் படிக்க நேரமில்லாதவர்கள்கூட யார் எதை எதற்காகச் சொன்னார் என்பதைத் தெரிந்துகொள்ள வேண்டும். பெயரை மட்டும் அள்ளித் தெளித்தால் திருத்துபவருக்குப் புரிந்துவிடும்.

இங்கே ஒரு எச்சரிக்கை. என்.சி.இ.ஆர்.டி. பன்னிரண்டாம் வகுப்பு வரலாற்றுப் புத்தகத்திலிருந்து முகலாய அரசவைகள் பற்றிய அத்தியாயம் 2023-24 கல்வியாண்டில் நீக்கப்பட்டது. யு.பி.எஸ்.சி. விருப்பப் பாடத்திட்டத்திலோ அக்பருக்கும் பதினேழாம் நூற்றாண்டு முகலாயப் பேரரசுக்கும் தனித்தனித் தலைப்புகள் உள்ளன. புதுப் பாடப்புத்தகத்தை மட்டும் நம்பி நோட்ஸ் எடுத்தால் அந்த உறைகள் காலியாகவே கிடக்கும். சதீஷ் சந்திராவின் பழைய இடைக்கால இந்தியப் புத்தகங்கள், ஆர்.எஸ். சர்மாவின் பண்டைய இந்தியா, பிபன் சந்திராவின் நவீன இந்தியா ஆகியவை இன்றும் தேவைப்படுவது இதனால்தான்.

வரைபடத்துக்குத் தனி நோட்ஸ்

விருப்பப் பாட முதல் தாளில் முதல் கேள்வி கட்டாயம். இந்திய வரைபடத்தில் 20 புள்ளிகள் வைத்திருப்பார்கள். ஒவ்வொன்றும் எந்த ஊர் என்று கண்டுபிடித்து சுமார் 30 சொற்களில் குறிப்பு எழுத வேண்டும். ஒன்றுக்கு இரண்டரை மதிப்பெண், மொத்தம் 50. தாளில் ஐந்தில் ஒரு பங்கு! கட்டுரை விடையில் 50-க்கு 50 யாரும் வாங்குவதில்லை. இங்கே ஊர் சரியாக இருந்தால் நல்ல மதிப்பெண் உறுதி. அப்படியிருந்தும் பலர் இதைக் கடைசி மாதத்துக்குத் தள்ளிவைக்கிறார்கள்.

புள்ளியோடு 'புதிய கற்கால இடம்', 'துறைமுகம்', 'தலைநகரம்' என்பது போல ஒரு துப்பும் கொடுப்பார்கள். எனவே வரைபட நோட்ஸை அகர வரிசையில் எழுதிப் பயனில்லை. துப்பின் வகைப்படி பிரித்து, ஒவ்வொரு வகைக்குள்ளும் மாநில வாரியாக எழுத வேண்டும். அப்போதுதான் 'தமிழகக் கடற்கரை, பண்டைய துறைமுகம்' என்றதும் கொற்கையும் காவிரிப்பூம்பட்டினமும் அரிக்கமேடும் மனதில் வந்து நிற்கும். பிறகு புள்ளி எதன் மேல் இருக்கிறது என்று பார்த்தால் போதும்.

ஒரு மாதிரி: "புதுச்சேரிக்கு அருகே அரியாங்குப்பம் ஆற்றங்கரையில் அமைந்த பண்டைய துறைமுகம். 1945-ல் மார்ட்டிமர் வீலர் அகழாய்வு செய்தார். அரெட்டைன் மட்பாண்டம், ஆம்போரா சாடிகள், மணி செய்த தடயங்கள் கிடைத்தன. ரோமானிய வணிகத் தொடர்புக்கு முக்கியச் சான்று." இது 25 சொற்கள். இடம், யார் தோண்டினார், என்ன கிடைத்தது, ஏன் முக்கியம் என்ற நான்கும் இருக்கின்றன. ஆதிச்சநல்லூர் என்றால் தாமிரபரணிக் கரை, அலெக்சாண்டர் ரே, முதுமக்கள் தாழிகள், இரும்புக் கருவிகள், தங்க நெற்றிப்பட்டம். நம் ஊர்ப் பிள்ளைகளுக்கு இதில் ஒரு சாதகம் உண்டு. டெல்லியில் இருப்பவர் மனப்பாடம் செய்யும் இந்த ஊர்களுக்கு இவர்கள் பஸ்ஸில் போய் வரலாம். மார்க்கோ போலோ எழுதிய 'காயல்' துறைமுகத்தில் அரபு, பாரசீகக் குதிரைகள் வந்திறங்கியதைத் தாமிரபரணி முகத்துவாரத்தைப் பார்த்தவர் மறப்பாரா?

வாரம் ஒரு நாள் வெற்று வரைபடத்தில் 20 இடங்களைக் குறித்துப் பார்ப்பது போதுமான பயிற்சி.

தமிழில் எழுதுவோருக்கு

முதன்மைத் தேர்வை எட்டாவது அட்டவணையில் உள்ள எந்த மொழியிலும் எழுதலாம், தமிழிலும் எழுதலாம். ஆனால் முதல்நிலைத் தேர்வின் கேள்வித்தாளும், முதன்மைத் தேர்வில் பொது அறிவு, விருப்பப் பாடக் கேள்வித்தாள்களும் ஆங்கிலத்திலும் இந்தியிலும்தான் அச்சாகும். தமிழில் நன்றாகப் படித்த பிள்ளை தடுமாறுவது இங்கேதான். 'நிரந்தர நிலவரித் திட்டம்' பற்றிப் பக்கம் பக்கமாகத் தெரிந்திருக்கும். கேள்வியில் 'பெர்மனென்ட் செட்டில்மென்ட்' என்று வந்ததும் ஒரு கணம் திகைத்துவிடும்.

எனவே தமிழ் வழியில் எடுக்கும் நோட்ஸின் ஒவ்வொரு தாளிலும் வலது ஓரத்தில் ஒரு கோடு போட்டு, அந்தப் பக்கத்தில் வரும் கலைச்சொற்களின் ஆங்கிலப் பெயரை எழுதிவர வேண்டும். துணைப்படைத் திட்டம் என்றால் சப்சிடியரி அலையன்ஸ். வாரிசு இழப்புக் கொள்கை என்றால் டாக்ட்ரின் ஆஃப் லாப்ஸ். ஒத்துழையாமை நான் கோஆப்பரேஷன், சட்டமறுப்பு சிவில் டிஸ்ஒபீடியன்ஸ். இதற்கு அகராதி வாங்க வேண்டாம். தமிழ்நாடு அரசின் 11, 12-ஆம் வகுப்பு வரலாற்றுப் புத்தகங்கள் தமிழிலும் ஆங்கிலத்திலும் இணையத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன. ஒரே பாடத்தை இரண்டு மொழியிலும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படித்தால் சொற்பட்டியல் தானாகச் சேர்ந்துவிடும். தமிழில் விடை எழுதும்போது கலைச்சொல்லுக்குப் பக்கத்தில் அடைப்புக்குறிக்குள் ஆங்கிலச் சொல்லைக் கொடுக்கவும் யு.பி.எஸ்.சி. விதி இடம் தருகிறது. பலர் இந்தச் சலுகையைப் பயன்படுத்துவதே இல்லை.

சொல் எண்ணிக்கையில் தமிழுக்கு ஒரு லாபம் உண்டு. வேற்றுமை உருபெல்லாம் சொல்லோடு ஒட்டிக்கொள்வதால் 250 சொல்லுக்குள் ஆங்கிலத்தைவிட அதிகமான விஷயம் அடங்கும். நஷ்டம் கையெழுத்தில்: அதே 250 சொல்லை எழுதி முடிக்க நேரம் கூடுதலாகப் பிடிக்கும். கடிகாரம் வைத்து எழுதிப் பழகாமல் தமிழ் வழியைத் தேர்ந்தெடுக்கக் கூடாது.

வாங்கிய நோட்ஸை என்ன செய்வது?

தூக்கி எறிய வேண்டாம். ஆனால் அதிலிருந்து தொடங்கவும் வேண்டாம். முன்னணி மாணவரின் நோட்ஸ் என்பது அவர் ஏற்கெனவே பல புத்தகம் படித்த பிறகு தன் நினைவுக்காகப் போட்டுக்கொண்ட அடையாளம். 'இ.ஹ. - ஜமா உயர்வு' என்று அவர் எழுதியிருந்தால், இர்ஃபான் ஹபீபும் நிலவரி மதிப்பீடும் அவர் கண்முன் வந்து நிற்கும். நமக்கு நான்கு எழுத்துதான் தெரியும்.

ஒரு கட்டு வாங்கலாமா என்று தெரிய எளிய சோதனை உண்டு. ஒரு தலைப்பில் வந்த பத்துப் பழைய கேள்விகளை எடுத்து, அந்த நோட்ஸை மட்டும் வைத்து விடை எழுத முடிகிறதா என்று பாருங்கள். ஆறு ஏழு கேள்விக்காவது முடிந்தால் வைத்துக்கொள்ளலாம். அதன் பிறகும், தன் உறையில் தானே ஒரு தாள் எழுதி முடித்த பின்னர் அதைத் திறந்து, விட்டுப்போனது என்ன என்று ஒப்பிடுவதுதான் சரியான பயன்பாடு. ஆண்டு, பெயர் எதுவாக இருந்தாலும் மூலப் புத்தகத்தில் ஒருமுறை சரிபார்க்காமல் சேர்க்கக் கூடாது. ஜெராக்ஸுக்கு ஜெராக்ஸ் எடுத்த கட்டுகளில் 1764 பக்சார் போர் 1784 ஆகிவிடுவது சாதாரணம்.

மூடி வைத்துக் கேட்பது

நோட்ஸைத் திரும்பத் திரும்ப வாசிப்பதைவிட, அதை மூடிவிட்டு நினைவிலிருந்து எடுத்துச் சொல்லிப் பார்ப்பதே பலன் தரும். அமெரிக்காவின் வாஷிங்டன் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ரோடிகர், கார்பிக்கே என்ற இரு உளவியலாளர்கள் 2006-ல் வெளியிட்ட ஆய்வு இதைச் சோதித்தது. ஒரு பகுதியைத் திரும்பப் படித்தவர்கள் ஐந்து நிமிடம் கழித்து வைத்த தேர்வில் முந்தினார்கள். ஒரு வாரம் கழித்து வைத்த தேர்விலோ, திரும்பப் படிக்காமல் நினைவிலிருந்து எழுதிப் பார்த்தவர்கள்தான் முந்தினார்கள். தேர்வு ஐந்து நிமிடத்தில் வரப்போவதில்லை.

நம் வீடுகளுக்கு இது புதிதும் இல்லை. ஹிஃப்ழு மதரஸாவில் உஸ்தாத் பிள்ளையைத் திரும்பத் திரும்ப முஸ்ஹஃபைப் பார்த்து ஓதச் சொல்லி விட்டுவிடுவதில்லை. பாராமல் ஓதச் சொல்லிக் கேட்கிறார். புதிய சபக்கோடு பழைய பாடத்தின் தவ்ரும் தினமும் நடக்கிறது. பழையதைக் கேட்காமல் புதியதை மட்டும் கொடுத்துக்கொண்டே போனால் என்ன ஆகும் என்று எந்த உஸ்தாதும் சொல்வார். வரலாற்று நோட்ஸுக்கும் இதே ஏற்பாட்டைச் செய்யலாம்: காலையில் புதுத் தலைப்பு, மாலையில் பழைய உறை ஒன்று. உறையின் மேலுள்ள வரியை மட்டும் பார்த்து, வெற்றுத்தாளில் நினைவில் உள்ளதை எல்லாம் பத்து நிமிடம் எழுத வேண்டும். பிறகு நோட்ஸைத் திறந்து, விட்டதைச் சிவப்பு மையில் சேர்க்க வேண்டும். அடுத்த முறை அந்த உறைக்கு வரும்போது முதலில் சிவப்பைத்தான் பார்க்க வேண்டும். ஒருநாள் கழித்து, ஒரு வாரம் கழித்து, ஒரு மாதம் கழித்து என்று ஒவ்வொரு உறையும் சுற்றி வர, மேலேயே தேதி போட்டு வைத்தால் எது பின்தங்கியிருக்கிறது என்று பார்த்தவுடன் தெரியும்.

கேட்பதற்கு வீட்டில் ஆள் இருக்கிறார்கள். உம்மாவுக்கு ஆங்கிலம் தெரியாவிட்டால் என்ன? தமிழில் எழுதிய தாளைக் கையில் பிடித்துக்கொண்டு, "பஸ்ஸீன் உடன்படிக்கை எந்த வருசம், யாரோட?" என்று கேட்கலாம். மகள் சொல்லும் விடை தாளில் இருப்பதோடு ஒத்துப்போகிறதா என்று பார்க்கலாம். தங்கையோ தம்பியோ கேட்டால் இன்னும் நல்லது, அவர்களும் இரண்டு விஷயம் கற்றுக்கொள்வார்கள். "ராத்திரி எத்தனை மணி வரைக்கும் படிச்சே?" என்று கேட்பதைவிட "இன்னிக்கு எந்த உறை? சொல்லு பார்க்கலாம்" என்று கேட்கும் வாப்பா பிள்ளைக்கு அதிகம் உதவுகிறார். வெளிநாட்டில் இருப்பவர் போனிலும் கேட்கலாம்.

முதல்நிலைத் தேர்வுக்கு முந்தைய இரண்டு மாதங்களில் புதுத் தாள் எழுதுவதை நிறுத்திவிட வேண்டும். அதுவரை எழுதியதிலிருந்து ஆண்டு, கலைச்சொல், நூல், ஆசிரியர், உடன்படிக்கை ஆகியவற்றை மட்டும் பிரித்துத் தலைப்புக்கு ஒரு அட்டை தயாரித்தால் அந்தக் காலத்துக்கு அதுவே போதும். 51 உறைகளும் முதன்மைத் தேர்வுக்குக் காத்திருக்கட்டும்.

செலவில்லாமல் கிடைப்பவை

என்.சி.இ.ஆர்.டி., தமிழ்நாடு பாடநூல்கள் தவிர, இக்னோ பல்கலைக்கழகத்தின் பி.ஏ., எம்.ஏ. வரலாற்றுப் பாடங்கள் இ-ஞான்கோஷ் தளத்தில் இலவசமாக உள்ளன. விருப்பப் பாடத்துக்கு இவை விலை கொடுத்து வாங்கும் பல நோட்ஸைவிடத் தரமானவை, ஆங்கிலத்தில் உள்ளன. சென்னை ராஜா அண்ணாமலைபுரத்தில் தமிழக அரசின் அகில இந்தியக் குடிமைப் பணித் தேர்வுப் பயிற்சி மையம் இருக்கிறது, நுழைவுத் தேர்வு மூலம் சேர்க்கை. நான் முதல்வன் திட்டத்தில் தமிழக அரசு தேர்வு வைத்து 1000 பேரைத் தேர்ந்தெடுத்து, முதல்நிலைத் தேர்வுத் தயாரிப்புக்காக மாதம் 7500 ரூபாய் வீதம் பத்து மாதம் தரும் ஏற்பாட்டை 2023-ல் கொண்டுவந்தது. டெல்லி ஜாமியா மில்லியா இஸ்லாமியாவின் உறைவிடப் பயிற்சி மையம் சிறுபான்மையினர், எஸ்.சி., எஸ்.டி., பெண்கள் ஆகியோருக்கு நுழைவுத் தேர்வு வைத்து இலவசப் பயிற்சி அளிக்கிறது. 2021-ஆம் ஆண்டுத் தேர்வில் இந்திய அளவில் முதலிடம் பெற்ற ஷ்ருதி சர்மா அங்கே பயின்றவர். அவரது விருப்பப் பாடம் வரலாறு. இந்த மையங்களின் நுழைவுத் தேர்வு அறிவிப்புகள் வந்து விண்ணப்பிக்கச் சில வாரங்களே அவகாசம் இருக்கும் என்பதால், அந்தந்த இணையதளத்தை மாதம் ஒருமுறை பார்க்கும் பொறுப்பை வீட்டில் ஒருவர் எடுத்துக்கொள்ளலாம்.